மோனசைட்டுக்கு அந்தப் பேரை யார் வெச்சது? – வாசகர் கேள்வி பதில்

இந்த தடவை கல்லு, மணல், தாதுன்னு வந்த கேள்விங்களை மட்டும் சேர்த்து எடுத்திருக்கோம். மத்ததெல்லாம் அடுத்த இதழ்ல.

கேள்வி: எங்க ஊரு மணவாளக்குறிச்சி பக்கம். சின்ன வயசுல இருந்தே கடற்கரை மணல்ல கிடைக்கிற தாது ஒண்ணை மோனசைட், மோனசைட்னு சொல்றது காதுல விழுந்துக்கிட்டே இருக்கு. காலேஜ் படிக்கிற என் பொண்ணு திடீர்னு “அம்மா அதுக்கு என்ன அர்த்தம்?”னு கேட்டா, எனக்கு சொல்லத் தெரியலை. அது எந்த மொழி, யார் வெச்ச பேரு?
– ஒரு வாசகி, குமரி மாவட்டம்

பதில்: ‘தனியா இருக்கிறது’. அவ்வளவுதாம்மா அர்த்தம். கிரேக்க மொழியில மோனாசெயின்னு ஒரு வினைச்சொல் இருக்கு, யாரோடயும் சேராம தனிச்சு வாழறதுன்னு பொருள். அதோட தாதுங்களுக்கெல்லாம் கடைசியில ஒட்டுற ‘ஐட்’டை ஒட்டினா மோனசைட். வெச்சவர் ஆகஸ்ட் பிரைட்ஹாப்ட், ஜெர்மனியில ஃப்ரைபெர்க் சுரங்கக் கல்லூரி பேராசிரியர், வருஷம் 1829. அவர் கைக்கு வந்த கல்லு ரஷ்யாவுல யூரல் மலைத்தொடரோட தெற்குப் பக்கம் இருக்கிற இல்மென் மலையில எடுத்தது. அதுல இந்தத் தாது கொத்தா கூட்டமா இல்லாம அங்க ஒண்ணு இங்க ஒண்ணுன்னு தனித்தனிப் படிகமா உக்காந்திருந்துச்சு, கிடைக்கிறதும் அபூர்வம், அதனால அந்தப் பேரு.

இதுல வேடிக்கை என்னன்னா ‘தனிமை’ன்னு தோணினது அவருக்கு மட்டும் இல்ல. எட்டு வருஷம் கழிச்சு, 1837ல, அமெரிக்காவுல சார்லஸ் அப்ஹாம் ஷெப்பர்டுன்னு ஒரு தாதுவியல்காரர் தன் நாட்டுல கிடைச்ச ஒரு தாதுக்கு எரிமைட்னு பேரு வெச்சார். அதுவும் கிரேக்கம்தான், ஆளில்லாத இடத்துல தனியா இருக்கிறதுன்னு அர்த்தம், துறவியைக் குறிக்கிற ஆங்கிலச் சொல்லுக்கும் அதே வேர்தான். அதே வருஷம் அவரே இன்னொரு கல்லுக்கு எட்வர்ட்சைட்னு வேற பேரு வெச்சார். கடைசியில பார்த்தா ரெண்டுமே மோனசைட். அப்புறம் 1846ல ஜெர்மன் வேதியியலாளர் வோலர், நார்வே நாட்டு அபடைட் கல்லுக்குள்ள ஒளிஞ்சிருந்த பொடிப் படிகங்களைப் பிரிச்சு எடுத்து கிரிப்டோலைட்னார், அதாவது மறைஞ்சிருக்கிற கல்லு. அதுவும் மோனசைட்தான்! இதுக்கெல்லாம் முன்னாடி 1823லயே பிரான்ஸ் நாட்டு ஆல்ப்ஸ் பக்கம் கிடைச்சதுக்கு டர்னரைட்னு ஒரு பேரு இருந்துச்சு. முதல்ல வெச்ச பேருதான் செல்லும்னா நீங்க இன்னைக்கு டர்னரைட்னு சொல்லிக்கிட்டு இருந்திருக்கணும், ஆனா டர்னரைட்டும் மோனசைட்டும் ஒண்ணுதான்னு தெரிய வர்றதுக்குள்ள பிரைட்ஹாப்ட் வெச்ச பேரு ஊர் பூரா பரவிடுச்சு.

உங்க பொண்ணுக்கு இன்னொண்ணும் சொல்லுங்க. உங்க கடற்கரையில மோனசைட்டோட கலந்து கிடக்கிற இல்மனைட் இருக்குல்ல, அதுக்குப் பேரு வந்ததும் அதே இல்மென் மலையில இருந்துதான், 1827ல, ரெண்டு வருஷம் முன்னாடி. ஒரே மலையில எடுத்த கல்லைப் பார்த்துப் பேரு வெச்ச ரெண்டு தாது, அந்த மலையைக் கண்ணால பாக்காத நம்ம குமரி மீனவர் வாயில தினசரி வார்த்தையா ஆகியிருக்கு பாருங்க.

தனிமைன்னு பேரு வெச்சவர் மணவாளக்குறிச்சிக்கு வந்திருந்தா என்ன சொல்லியிருப்பாரோ. மேற்குத் தொடர்ச்சி மலைப் பாறை லட்சக்கணக்கான வருஷமா தேய்ஞ்சு, வள்ளியாறு மாதிரி ஆறுங்க வழியா கடலுக்கு வந்து, அலை அதை முறத்துல புடைக்கிற மாதிரி புடைச்சு, லேசான வெள்ளை மணலை இழுத்துட்டுப் போயி கனமான தாதுங்களைக் கரையிலயே விட்டுட்டுப் போகுது. அதனால பாறைக்குள்ள ஒண்ணொண்ணா கிடந்தது இங்க திட்டுத் திட்டா சேர்ந்துடுச்சு. அப்பவும் அந்தத் திட்டுல மோனசைட்டோட பங்கு கொஞ்சம்தான், அதிகம் இல்மனைட்.

வெளி உலகத்துக்கு இது தெரிஞ்ச கதையும் நல்லா இருக்கும். 1909ல ஷோம்பெர்க்னு ஒரு ஜெர்மன் வேதியியலாளர், திருவிதாங்கூர்ல இருந்து போன தேங்காய் நார்ல ஒட்டியிருந்த மணலைப் பார்த்துட்டு இது மோனசைட் ஆச்சேன்னு பிடிச்சுட்டார். அப்போ அதுக்கு ஐரோப்பாவுல பயங்கர கிராக்கி, ஏன்னா கேஸ் விளக்குல மாட்டுற மேண்டில் செய்ய மோனசைட்ல இருந்து எடுக்கிற தோரியம் ஆக்சைடு வேணும், அதுவரைக்கும் சரக்கு பெரும்பாலும் பிரேசில் கடற்கரையில இருந்துதான் வந்துச்சு. மேண்டிலைக் கண்டுபிடிச்சவர் ஆஸ்திரியாக்காரர் கார்ல் அவெர் ஃபான் வெல்ஸ்பாக். 99 பங்கு தோரியம் ஆக்சைடு, 1 பங்கு சீரியம் ஆக்சைடு, இதுதான் அவர் கண்ட கணக்கு. நம்ம ஊரு கல்யாண வீட்டுலயும் கூத்துக் கொட்டகையிலயும் பெட்ரோமாக்ஸ் விளக்குல வெள்ளையா எரிஞ்சுச்சே ஒரு வலைப்பை, அதேதான். ஷோம்பெர்க் வந்து மணவாளக்குறிச்சியில மணல் பிரிக்கிற ஆலையைத் தொடங்கினார், அப்புறம் முதல் உலகப் போர் வந்ததும் ஜெர்மன்காரங்க கையை விட்டுப் போயிடுச்சு. சுதந்திரத்துக்குப் பிறகு 1950ல மத்திய அரசோட இந்தியன் ரேர் எர்த்ஸ் வந்துச்சு, 1952ல கேரளாவுல ஆலுவாயில மோனசைட்டை வேதியியல் முறையில பிரிக்கிற ஆலை. குமரி மாவட்டம் தமிழ்நாட்டோட சேர்ந்ததே 1956லங்கறதால, பழைய ஆவணம் எதைப் பார்த்தாலும் ‘திருவிதாங்கூர் மோனசைட்’னுதான் இருக்கும், குழம்பிக்க வேண்டாம்.

கேள்வி: கடற்கரையில கருப்பா மின்னுற மணலைத்தானே மோனசைட்னு சொல்றோம்? செய்தியில சில நேரம் தோரியம் மணல்ங்கறான், சில நேரம் கார்னெட்ங்கறான், தாது மணல்ங்கறான். எது சரி?
– ஒரு வாசகர், குளச்சல்

பதில்: கருப்பா இருக்கிறது மோனசைட் இல்லீங்க, அது இல்மனைட், இரும்பும் டைட்டானியமும் சேர்ந்தது, பெயிண்டுக்கு வெள்ளை நிறம் குடுக்கிற டைட்டானியம் டை ஆக்சைடுக்கு மூலப்பொருள். சிவப்பா இருந்தா கார்னெட், உப்புத்தாள்ல ஒட்டுற பொடி, தண்ணியைப் பீச்சி இரும்பு அறுக்கிற மெஷினுக்கும் அதான். மோனசைட் தேன் நிறம், மஞ்சள்ல இருந்து செம்பழுப்பு வரைக்கும் இருக்கும், வெறும் கண்ணால கூட்டத்துல தேடிப் பிடிக்கிறது கஷ்டம். கூடவே சிர்கான், ரூட்டைல், சில்லிமனைட் எல்லாம் இருக்கும். இது மொத்தத்துக்கும் சேர்த்து ‘தாது மணல்’னு சொல்றதுதான் சரியான பொதுப்பேரு, அதுல ஒரு தப்பும் இல்ல.

‘தோரியம் மணல்’ங்கறதுதான் எனக்குப் பிடிக்காத பிரயோகம். தோரியம் அணு எரிபொருளுக்கு உதவக்கூடிய ஒரு தனிமம், மோனசைட்டுக்குள்ள இருக்கிற பல சரக்குல ஒண்ணு. மோனசைட்ங்கறது அடிப்படையில ஒரு பாஸ்பேட், அதுல சீரியம், லாந்தனம், நியோடிமியம் எல்லாம்தான் பெரும்பங்கு, நம்ம நாட்டு மோனசைட்டுல தோரியம் ஆக்சைடு 8ல இருந்து 10 சதவீதம் வரைக்கும் இருக்கும், யுரேனியம் அதைவிட ரொம்பக் கம்மி. உலகத்துல மத்த இடத்துச் சரக்கோட ஒப்பிட்டா அந்த தோரிய அளவு ஜாஸ்திதான், அதனாலதான் அணுசக்தித் துறை இதைத் தன் கைக்குள்ள வெச்சிருக்கு, கார்னெட்டை முன்னாடி தனியாரும் எடுத்து வித்தாங்க, சுதந்திரத்துக்குப் பிறகு மோனசைட் அப்படி விக்கிற பொருளா இருந்ததில்ல. ஆனா லாரியில போற மணல் முழுக்க தோரியம்ங்கற மாதிரி தலைப்பு போட்டா படிக்கிறவன் என்ன நினைப்பான்? மணல்ல கொஞ்சம் மோனசைட், அந்தக் கொஞ்சத்துல பத்துல ஒரு பங்கு தோரியம் ஆக்சைடு, இந்தக் கணக்கை ஒரு வரி எழுதிட்டா போதும், யாரும் எழுதறதில்ல.

கேள்வி: மோனசைட்டா, மோனோசைட்டா, மோனாசைட்டா? மூணும் பாத்திருக்கேன்.
– ஒரு ஆசிரியை, திசையன்விளை

பதில்: மோனசைட். மோனாசைட்னு நீட்டினாலும் குத்தம் இல்ல. ‘மோனோசைட்’ மட்டும் வேண்டாம் டீச்சர், ஏன்னா அது ரத்தத்துல இருக்கிற ஒரு வகை வெள்ளை அணு. லேப்ல ரத்தம் குடுத்தா வர்ற ரிப்போர்ட்டுல நியூட்ரோபில், லிம்போசைட், மோனோசைட்னு வரிசையா சதவீதம் போட்டிருக்குமே அது. கடற்கரையில மோனோசைட் அள்ளுறாங்கன்னு எழுதினா ரத்த வங்கிக்காரங்க ஓடி வருவாங்க.

ரெண்டுக்கும் முன்பாதி தூரத்துச் சொந்தம்தான், ‘ஒத்தை’ங்கற கிரேக்க வேர். பின்பாதி வேற வேற. ரத்தத்துல வர்ற ‘சைட்’ உயிரணுவைக் குறிக்கிற சொல்லு. மணல்ல வர்றது ‘சைட்’டே இல்ல, மோனஸ் கூட ஐட், இங்கிலீஷ்ல நடுவுல இசட் எழுத்து வரும். தமிழ்ல ரெண்டுக்கும் ஒரே ‘சை’யா போனதால வந்த குழப்பம்.

ஆராய்ச்சிக் கட்டுரைங்கள்ல இப்பல்லாம் சும்மா மோனசைட்னு விடுறதும் இல்ல. எந்தத் தனிமம் அதிகமோ அதைப் பக்கத்துல சேர்த்து எழுதணும்ங்கறது விதி, மோனசைட்-சீரியம், மோனசைட்-லாந்தனம், மோனசைட்-நியோடிமியம், மோனசைட்-சமாரியம்னு கணக்குல தனித்தனி தாதுங்க. நம்ம கடற்கரைச் சரக்கு சீரியம் வகை. தனியாளுக்கு இப்போ குடும்பமே இருக்கு.

கேள்வி: ரேர் எர்த் ரேர் எர்த்னு சீனா கூட உலகமே சண்டை போடுதே, நெஜமாவே அவ்ளோ அரிதா? நம்ம கிட்ட ஒரு கோடி டன்னுக்கு மேல மோனசைட் இருக்குன்னும் சொல்றாங்க, அப்புறம் எப்படி அரிது?
– ஒரு கல்லூரி மாணவர், திருச்சி

பதில்: தம்பி, அந்தப் பேரு 18ஆம் நூற்றாண்டுல வெச்சது, இப்போ மாத்த முடியலை, அவ்வளவுதான் விஷயம். 1787ல சுவீடன்ல இட்டர்பிங்கற ஊருல ஒரு கருப்புக் கல்லு கிடைச்சுச்சு, 1794ல ஃபின்லாந்துக்காரர் காடோலின் அதுக்குள்ள புதுசா ஒண்ணு இருக்குன்னு கண்டுபிடிச்சார். அப்போ வேதியியல்காரங்க, சூட்டுல உருகாம, தண்ணியில கரையாம அடம் பிடிக்கிற ஆக்சைடையெல்லாம் ‘மண்’ணுன்னு சொல்லுவாங்க. இது அபூர்வமா கிடைச்ச மண்ணு, அதனால ரேர் எர்த், நம்ம பாடப்புத்தகத்துல அருமண். அந்த ஒரு குட்டி ஊரு பேரைப் பிச்சுப் பிச்சு இட்ரியம், டெர்பியம், எர்பியம், இட்டர்பியம்னு நாலு தனிமத்துக்கு வெச்சுட்டாங்க, வேற எந்த ஊருக்கும் அப்படி ஒரு அதிர்ஷ்டம் இல்ல.

ஆனா சீரியத்தை எடுத்துக்கிட்டா பூமியோட மேலோட்டுல கிட்டத்தட்ட செம்பு அளவுக்கு இருக்கு. செம்பை யாராவது அரிய உலோகம்ங்கறோமா? கஷ்டம் எங்கன்னா, செம்பு மாதிரி ஒரே இடத்துல மொத்தமா சேர்ந்து கிடைக்காது. கிடைச்சாலும் இதுங்க எல்லாம் ஒண்ணோட ஒண்ணு வேதியியல்ல அச்சு அசலா இருக்கும், பிரிக்கிறதுக்குள்ள உயிர் போயிடும். பேருங்களைப் பார்த்தாலே வெச்சவன் பட்ட பாடு தெரியும். லாந்தனம்னா ஒளிஞ்சிருக்கிறது, மொசாண்டர் 1839ல வெச்சார். அப்புறம் இரட்டைப் பிள்ளைன்னு டிடிமியம்னு ஒண்ணுக்குப் பேரு வெச்சார், 1885ல மேண்டில்காரர் வெல்ஸ்பாக் அதையும் உடைச்சுப் பார்த்தா உள்ள ரெண்டு இருக்கு, நியோடிமியம், அதாவது புது இரட்டை, பிரேசியோடிமியம், பச்சை இரட்டை. 1886ல டிஸ்ப்ரோசியம் வந்துச்சு, பச்சையா சொன்னா ‘எடுக்கிறதுக்குள்ள போதும் போதும்னு ஆயிடுச்சு’ங்கற மாதிரி அர்த்தம்.

இப்போ நடக்கிற சண்டை அந்த நியோடிமியத்துக்கும் டிஸ்ப்ரோசியத்துக்கும்தான், எலக்ட்ரிக் கார் மோட்டார், காத்தாலை, காதுல மாட்டுற ஹெட்போன் வரைக்கும் இதுங்களைச் சேர்த்து செய்யற காந்தம்தான். மண்ணுக்குள்ள இருக்கிறதுல பிரச்சனை இல்ல, பிரிச்சு உலோகமாக்கி காந்தமா செய்யற ஆலைங்க பெரும்பாலும் சீனாவுல இருக்கு. நம்ம மோனசைட்டுல நியோடிமியம் இருக்கு, ஆனா டிஸ்ப்ரோசியம் மாதிரி கனமான வகைங்க ரொம்பக் கம்மி. அதனால கோடி டன்னுங்கற கணக்கை மட்டும் கேட்டு மீசை முறுக்கிடாதீங்க தம்பி, பாஸ்பேட், தோரியம், மத்த அருமண் எல்லாத்தையும் கழிச்சா கையில நிக்கிற காந்தச் சரக்கு அதுல சின்னப் பங்குதான்.

கேள்வி: நடராஜர் சிலை பத்தியெல்லாம் எழுதின ஆனந்த குமாரசாமி ஒரு கல்லையும் கண்டுபிடிச்சாராமே, உண்மையா?
– ஒரு வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: உண்மைதான், ஒண்ணு இல்ல, ரெண்டு. அவர் அப்பா முத்து குமாரசாமி இலங்கைத் தமிழர், அம்மா இங்கிலாந்துக்காரங்க, இவர் லண்டன்ல படிச்சது நிலவியலும் (ஜியாலஜி) தாவரவியலும். கலையெல்லாம் பின்னாடிதான். 1903ல இருந்து 1906 வரைக்கும் இலங்கைத் தாதுவியல் ஆய்வுக்கு இயக்குநரா இருந்தார்.

முதல்ல செரண்டிபைட். 1903ல பிரயருங்கற லண்டன் தாதுவியலாளரும் இவரும் சேர்ந்து எழுதினது, நீலமும் பச்சையும் கலந்த நிறம், போரான் இருக்கிற ஒரு சிலிகேட். இலங்கைக்கு அரபு வணிகர் வெச்ச பழைய பேரு செரண்டிப், சிங்களத் தீவுங்கற வடமொழிப் பேரு தேய்ஞ்சு அப்படி ஆனது, அதுல இருந்து எடுத்தாங்க. அதே செரண்டிப்ல இருந்துதான் 1754ல ஹொராஸ் வால்போல் ஒரு கடிதத்துல செரண்டிபிட்டின்னு புது வார்த்தை செஞ்சார், தேடாம தற்செயலா நல்லது கிடைக்கிறதுக்கு. பட்டை தீட்டுற தரத்துல செரண்டிபைட் கிடைக்கிறது ரொம்ப ரொம்ப அபூர்வம், நகைக்கடையில யாராவது இதுன்னு சொல்லி நீட்டினா ஒழுங்கான ஆய்வகச் சான்று இல்லாம காசை எடுக்காதீங்க.

ரெண்டாவது தோரியனைட், 1904, சப்ரகமுவ பக்கம் ரத்தினக்கல் தோண்டுற சரளையில கனமான கருப்புக் கட்டியா வந்தது. தோரியம் அதிகமா இருந்ததால இங்கிலாந்துல சோதிச்ச டன்ஸ்டன் அந்தப் பேரை வெச்சார். தோரியத்துக்குப் பேரு நார்வே, சுவீடன் பக்கத்து இடி தெய்வம் தோர் கிட்ட இருந்து. அந்த இலங்கைத் தோரியனைட் லண்டன்ல வேதியியலாளர் ராம்சேயோட ஆய்வகத்துக்குப் போயி, அங்க 1905ல இளைஞரா வேலை பார்த்த ஓட்டோ ஹான் அதுல இருந்து ரேடியோதோரியம்ங்கற கதிரியக்கப் பொருளைக் கண்டுபிடிச்சார். யுரேனியம் அணு பிளக்கும்னு பின்னாடி காட்டினவர் அவர்தான், அவரைக் கதிரியக்கப் பக்கம் இழுத்து விட்டதுல இலங்கைக் கல்லுக்கும் பங்கு உண்டு.

கேள்வி: இத்தனை கிரேக்கம், லத்தீன். தமிழ்ப் பேரு எந்தக் கல்லுக்காவது உலகம் பூரா இருக்கா?
– ஒரு வாசகர், நாமக்கல்

பதில்: உங்க மாவட்டத்துலயே இருக்கு சார், குருந்தம்! இங்கிலீஷ்ல கொரண்டம்ங்கறாங்களே, மாணிக்கம், நீலம் ரெண்டுக்கும் தாய்த் தாது, அது தமிழ்க் குருந்தம்தான், வடமொழியில குருவிந்தம்னு இருக்கிறதுக்கும் உறவு. 18ஆம் நூற்றாண்டுல நம்ம பக்கத்துல இருந்து ஆய்வுக்குக் கல்லு எடுத்துட்டுப் போனவங்க பேரையும் சேர்த்து எடுத்துட்டுப் போயிட்டாங்க. சாணைக்கல்லுக்கு நம்மாளுங்க பொடி பண்ணிப் போட்டது அதைத்தான், வைரத்துக்கு அடுத்த கடினம். சித்தம்பூண்டியில வெள்ளைப் பாறைக்குள்ள குருந்தம் பதிஞ்சு கிடக்கும், அந்த வெள்ளைப் பாறைத் தாதுக்கு 19ஆம் நூற்றாண்டு தொடக்கத்துல பிரெஞ்சுக்காரர் பூர்னோன் ‘இந்தியனைட்’னு பேரு வெச்சார், பின்னாடி அது அனார்தைட்தான்னு தெரிஞ்சதும் பேரு செத்துப்போச்சு.

கேள்வி: பல்லாவரம் மலைக் கல்லுக்கு யாரோ வெள்ளைக்காரன் பேரு இருக்காமே?
– ஒரு வாசகர், குரோம்பேட்டை

பதில்: சார்னோகைட். அது தாது இல்ல, பாறை, பல தாது சேர்ந்தது. கல்கத்தாவுல கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கோட கல்லறையில இருக்கிற கல்லு நம்ம பக்கத்துப் பாறை வகைதான்னு கண்ட தாமஸ் ஹாலண்ட் 1893ல அவர் பேரையே வெச்சுட்டார். சார்னாக் பல்லாவரத்துக்கு என்ன செஞ்சார்னு கேட்டா, செத்ததுக்கு அப்புறம் அந்தக் கல்லுக்குக் கீழ படுத்தார், அவ்வளவுதான்.

கேள்வி: நான் புதுசா ஒரு தாது கண்டுபிடிச்சா என் பேரை வெச்சுக்கலாமா?
– எட்டாம் வகுப்பு மாணவி, கோவில்பட்டி

பதில்: முடியாதும்மா, உன் பேரை நீயே வெச்சுக்கக் கூடாதுங்கறது வழக்கம். வேற யாராவது கண்டுபிடிச்சு உன் பேரை வைக்கலாம், உயிரோட இருக்கிறவங்க பேருன்னா அவங்க சம்மதம் வாங்கணும். பேரை ஒத்துக்கிறது சர்வதேச தாதுவியல் சங்கத்தோட குழு, 1959ல இருந்து இருக்கு, இதுவரைக்கும் பட்டியல்ல 6,000க்கு மேல தாது. 1953ல இலங்கையில எகலியகொடை பக்கம் ஒரு பச்சைக் கல்லைக் கண்ட ஏக்கநாயக்கா பேருலதான் எகனைட் இருக்கு, கண்டது அவர், பேரு வெச்சது பின்னாடி அதை ஆராய்ஞ்சவங்க. நீ செய்ய வேண்டியது, நல்லா எழுதத் தெரிஞ்ச ஒரு ஃப்ரெண்டைக் கூட கூட்டிக்கிட்டு மலை ஏறு. அவ கண்டுபிடிச்சதுக்கு உன் பேரு, நீ கண்டுபிடிச்சதுக்கு அவ பேரு, ஆனா குழுவுல யாருக்கும் இந்த ஒப்பந்தத்தைச் சொல்லிடாதீங்க.